தீர்ப்பாணையில் சர்வே எண் பிழை: மேல்முறையீடு தேவையில்லை

வணக்கம். பாகப்பிரிவினைத் தீர்ப்பாணையின் சொத்து விவரத்தில் 143/2 என்பது 134/2 என்று தட்டச்சாகியிருப்பதால் சார்பதிவாளர் பதிவு செய்ய மறுக்கிறார், மேல்முறையீட்டுக் காலமும் கடந்துவிட்டது என்று எழுதியிருந்தீர்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம், 1908-இன் 152-ஆவது பிரிவின்படி, எழுத்துப்பிழை, கணக்குப்பிழை, தற்செயலான விடுபடல் ஆகியவற்றைத் தீர்ப்பளித்த நீதிமன்றமே எக்காலத்திலும், தானாகவோ தரப்பினரின் மனுவின் பேரிலோ திருத்தலாம். முதலில் பிராதை, அதாவது வழக்குத் தொடுக்கும்போது தாக்கல் செய்த மனுவை, எடுத்துப் பாருங்கள்: அதில் எண் சரியாக இருந்தால், அதன் நகலையும் மூலப்பத்திரத்தையும் பிரமாணப் பத்திரத்துடன் இணைத்து மனு செய்யலாம், பிராதிலேயே பிழை என்றால் அதையும் சேர்த்துத் திருத்தக் கோர வேண்டியிருக்கும், அங்கேதான் எதிர்த்தரப்பு முரண்டு பிடிக்கும். பங்கு குறைந்துவிட்டது என்ற உங்கள் இன்னொரு மனக்குறையைத் தயவுசெய்து இம்மனுவில் நுழைக்காதீர்கள். தீர்ப்பின் சாரத்தை மாற்ற இப்பிரிவு இடம் தராது.