வெளியரங்கில் நடந்த ராக் கச்சேரிகளில் நீங்கள் திரும்பத் திரும்பப் பார்ப்பது எது?

அயர்லாந்தின் யூ2 ராக் குழு 1983 ஜூன் 5 அன்று அமெரிக்காவின் கொலராடோவில், ரெட் ராக்ஸ் அரங்கில் நடத்திய கச்சேரி. பலரும் 1985-ல் பஞ்ச நிவாரணத்துக்காக நடந்த லைவ் எய்டு கச்சேரியில் குயீன் குழு பாடியதைத்தான் சொல்வார்கள். அதுவும் பிரமாதம்தான், மறுக்கவில்லை. ஆனால் எனக்கு இதுதான்.

டென்வருக்குப் பக்கத்தில் மலையடிவாரத்தில் இருக்கிற அரங்கு அது. இருபுறமும் செம்மணற்பாறைகள் செங்குத்தாக நிற்கும், நடுவே படிப்படியாக இருக்கைகள். சுமார் 9,000 பேர் உட்காரலாம். அன்றைக்குப் பார்த்து மழை, ஜூன் மாதத்தில் உடம்பை நடுக்கும் குளிர். முன்னால் வாசிக்க வேண்டிய குழுக்கள் மேடை ஏறவேயில்லை. யூ2வும் ரத்து செய்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனால் கச்சேரியைப் படம்பிடிக்க அவர்களும், அவர்களின் இசைத்தட்டு நிறுவனமான ஐலண்டு ரெக்கார்ட்ஸும், உள்ளூர் ஏற்பாட்டாளர் பேரி ஃபேவும் சேர்ந்து பணம் போட்டிருந்தார்கள். கேமராக்காரர்கள் வந்து இறங்கியாயிற்று. பாடகர் போனோவுக்கு அப்போது 23 வயது; குழு இன்னும் வளர்ந்துகொண்டிருந்த நேரம். போட்ட பணம் போனால் போனதுதான். டிக்கெட் வாங்கியவர்களுக்கு மறுநாள் போல்டரில் உள்ளரங்கில் இன்னொரு கச்சேரி என்று அறிவித்துவிட்டு, ஈர மேடையிலேயே ஏறிவிட்டார்கள். அரங்கில் பாதி காலி.

இதைத் துணிச்சல் என்று எல்லோரும் எழுதுகிறார்கள். எனக்கென்னவோ பாதி துணிச்சல், பாதி கைக்காசு என்றுதான் படுகிறது.

சரி, அப்படி என்ன இருக்கிறது அதில்? கெடுக்க வந்த மழையே படத்துக்கு ஒளியமைப்பாளர் வேலையைப் பார்த்துவிட்டது. பாறை மேல் தீப்பந்தங்கள் எரிகின்றன; மூடுபனியில் விளக்கு வெளிச்சம் கரைந்து இடமே சிவந்து கிடக்கிறது. போனோ வாய் திறந்தால் பாட்டோடு ஆவியும் வருகிறது. 'சண்டே பிளடி சண்டே'யில் அவர் வெள்ளைக்கொடியைத் தூக்கிவந்து மேடை விளிம்பில் நிற்கும் இடம் ஒன்று போதும். 1972-ல் வட அயர்லாந்தின் டெர்ரியில் ஆயுதமில்லாத ஊர்வலத்தினரை பிரிட்டிஷ் ராணுவம் சுட்டதைத் தொட்டுப் பேசும் பாட்டு அது. டிரம்மர் லாரி முல்லன் அதற்கு ராணுவ அணிவகுப்புத் தாளத்தையே டிரம்ஸில் போடுகிறார். இந்தக் காட்சியை இசைச் சேனலான எம்டிவி ஓட்டி ஓட்டியே அமெரிக்காவில் அவர்கள் பெயர் பரவியது.

கடைசியில் '40' என்ற பாட்டு. கிட்டார் வாசிக்கும் எட்ஜ் பேஸ் கிட்டாரையும், பேஸ் வாசிக்கும் ஆடம் கிளேட்டன் கிட்டாரையும் மாற்றி எடுத்துக்கொள்வார்கள். பல்லவியைக் கூட்டம் பிடித்துக்கொண்டது, விடவே இல்லை.

அப்புறம் ஒன்று. 'அண்டர் எ பிளட் ரெட் ஸ்கை' என்ற பெயரில் படமும் உண்டு, ஆல்பமும் உண்டு. ஆல்பத்தைக் கேட்டுவிட்டு ரெட் ராக்ஸைக் கேட்டாயிற்று என்று நினைத்துவிடாதீர்கள். அதில் இரண்டே பாட்டுகள்தான் இங்கே பதிவானவை. பெரும்பாலானவை அதே ஆண்டு ஆகஸ்டில் ஜெர்மனியின் லோரலையில் பதிவானவை. படத்தைத்தான் பார்க்க வேண்டும். 2008-ல் வந்த டிவிடி கிடைத்தால் இன்னும் நல்லது, முதலில் விட்டுப்போன பாட்டுகளும் அதில் இருக்கின்றன.