லூப் திரும்பும் இடத்தில் விக்கும் இசை
குடியாத்தம் தம்பிக்கு, கேம் ஸ்டுடியோவுக்கு அனுப்பிய மாதிரி இசை, லூப்பாக, அதாவது முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து ஓடும்போது, திரும்பும் இடத்தில் விக்குகிறது என்று எழுதியிருந்தீர்கள். உங்கள் மெட்டில் குறை இல்லை, எம்பி3தான் வில்லன், அந்த வடிவத்துக்கு மாற்றும்போதே முன்னும் பின்னும் கொஞ்சம் மௌனம் ஒட்டிக்கொள்ளும். வேவ் அல்லது ஓஜிஜி கோப்பாகக் கொடுங்கள். ரிவெர்ப் வால், அதாவது ஒலி நின்ற பிறகும் தேய்ந்து மறையும் எதிரொலி, அறுந்து கேட்டால், அதே பகுதியை இரண்டு முறை ஓட்டி இரண்டாவது சுற்றை மட்டும் வெட்டி எடுங்கள். நானும் காட்பாடியில் இதோடு ஒரு மாதம் மல்லுக்கட்டியவன்தான், அதுவும் வேலூர் வெயிலில் ஃபேனை நிறுத்திவிட்டு ரெக்கார்டிங்! அப்புறம், வெறும் பாட்டாக அனுப்பாமல் கேமுக்குள் இசையைப் பொருத்தும் மென்பொருட்களான எஃப்மாட் அல்லது வைஸ் பழகி, எதிரி நெருங்கினால் தாளம் ஏறுகிற மாதிரி ஒரு டெமோ செய்யுங்கள், இரண்டுமே கற்றுக்கொள்ள இலவசம். குறுகிய நேரத்தில் கேம் செய்து முடிக்கும் கேம் ஜாம் நிகழ்வுகளில் இசைக்கு ஆள் தேடும் குழுக்கள் கிடைக்கும், முதல் வாய்ப்பை அங்கே பிடியுங்கள்.