தங்கமும் கிட்டாரும்: புத்தகம் வாங்கி முழிக்கறவங்களுக்கு கேள்வி-பதில்

புத்தகம் வாங்கறதுல என்ன சந்தேகம்னாலும் அனுப்புங்கன்னு சொன்னேன். வந்ததுல முக்காவாசி ரெண்டே சப்ஜெக்ட், ஒன்னு தங்கம் கிடைக்குதுன்னு கேட்டு ஜனம் கூட்டம் கூட்டமா ஓடுன கலிஃபோர்னியா கனடா பக்கத்து தங்க வேட்டை, இன்னொன்னு ராக் அண்ட் ரோல் பாட்டு. என்ன காத்து அடிக்குதுன்னு தெரியல. ரெண்டுக்கும் என் வீட்ல தனித்தனி அலமாரி இருக்கு, அதுல பாதி வாங்கியிருக்கவே கூடாதது, அதனால பதில் சொல்ற தகுதி இருக்குன்னு வெச்சுக்கோங்க. லெட்டர எல்லாம் சுருக்கிட்டேன்.

கேள்வி: தங்க வேட்டைக்கு அப்புறம் கலிஃபோர்னியா என்ன ஆச்சுன்னு படிக்க 'ஆஃப்டர் த கோல்ட் ரஷ்'னு ஒரு புத்தகம் ஆர்டர் பண்ணேன். பிரிச்சா முழுக்க மியூசிக் நோட்ஸ். கடைக்காரன் மேல கேஸ் போடலாமா? - திருநெல்வேலி வாசகர்

பதில்: அது நீல் யங்னு ஒரு ராக் பாடகர் 1970ல போட்ட ஆல்பத்தோட பேரு சார், உங்களுக்கு வந்தது அந்த பாட்டுங்களோட நோட்ஸ் புத்தகம். கடைக்காரர் நீங்க கேட்டதத்தான் அனுப்பியிருக்கார். ரிட்டர்ன் டைம் முடியலன்னா திருப்பி அனுப்புங்க, முடிஞ்சிருந்தா பக்கத்துல கீபோர்ட் கத்துக்கற பிள்ளை யாராவது இருந்தா குடுத்துருங்க.

கேள்வி: பேயார்ட் டெய்லரோட 'எல்டொராடோ' 1,350 ரூபாய்க்கு ஆன்லைன்ல வாங்கினேன். எழுத்து மங்கல், பக்கம் எல்லாம் சாஞ்சு கெடக்கு, படம் வெறும் கருப்பு திட்டு. அத கூட பொறுத்துக்கலாம், புத்தகம் பாதியிலயே நின்னு போச்சு. - சென்னை வாசகி

பதில்: மேடம், உங்க கிட்ட இருக்கறதே பாதி தான். டெய்லர் 1849ல நியூயார்க் ட்ரிப்யூன் பேப்பருக்காக தங்க வேட்டைய பத்தி எழுத கலிஃபோர்னியா போனவர், அந்த புத்தகம் 1850ல ரெண்டு வால்யூமா வந்துச்சு. இப்ப விக்கறவங்க என்ன பண்றாங்கன்னா ஏதோ லைப்ரரி ஸ்கேன் பண்ணி வெச்ச ஃபைல இறக்கி, ஆர்டர் வந்தா ஒரு காப்பி பிரிண்ட் போட்டு அனுப்பறாங்க, அது முதல் வால்யூமா ரெண்டாவதான்னு யாரும் திறந்து பாக்கறது கூட இல்ல. மடிச்சு வெச்ச மேப் இருந்தா மடிச்சபடியே ஸ்கேன் ஆகியிருக்கும். நான் ஒரு அலாஸ்கா பயண புத்தகம் இப்படி வாங்கினேன், ஸ்கேன் பண்ண ஆளோட விரல் நல்லா தெளிவா விழுந்திருக்கு, மேப் தான் இல்ல. அட்டையில சம்பந்தமில்லாத ஒரு மலை ஃபோட்டோ, டிஸ்கிரிப்ஷன்ல 'பழைய நூல் என்பதால் சிறு குறைகள் இருக்கலாம்'னு ஒரு வரி இருந்தா அது இந்த ஜாதி தான், தள்ளி போயிடுங்க. இந்த மாதிரி காப்பிரைட் முடிஞ்சு போன பழைய புத்தகம் எல்லாம் இன்டர்நெட் ஆர்கைவ்ங்கற சைட்ல சும்மாவே கிடைக்குது. உங்க விஷயத்துல, முதல் வால்யூம் மட்டும்னு லிஸ்டிங்ல எங்கயும் சொல்லலன்னா காசு திரும்ப கேக்க உங்களுக்கு உரிமை இருக்கு. லிஸ்டிங்க இன்னைக்கே ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைங்க, நாளைக்கு மாத்திட்டு நிப்பாங்க.

கேள்வி: தங்க வேட்டை பத்தி ஒரே ஒரு புத்தகம் வாங்கணும்னா எது? - ஈரோடு வாசகர்

பதில்: ஜே. எஸ். ஹாலிடே எழுதின 'த வேர்ல்ட் ரஷ்ட் இன்', 1981. வில்லியம் ஸ்வெயின்னு நியூயார்க் மாநிலத்து விவசாயி ஒருத்தர் 1849ல பொண்டாட்டி புள்ளைய விட்டுட்டு கெளம்பி போறாரு, வீட்டுக்கு எழுதுன லெட்டர், வீட்ல இருந்து போன லெட்டர், அவரோட டைரி எல்லாத்தையும் கோத்து எழுதுனது. பெருசா தங்கமும் கிடைக்கல, 1851ல வீட்டுக்கு திரும்பிட்டாரு. ரெண்டாவது வாங்க காசு இருந்தா பெஞ்சமின் மேட்லி 2016ல எழுதுன 'ஆன் அமெரிக்கன் ஜெனோசைட்' வாங்குங்க. 1846ல சுமார் 1,50,000 பேரா இருந்த கலிஃபோர்னியா பழங்குடி மக்கள் 1870ல சுமார் 30,000 ஆனாங்க, எப்படின்னு அதுல இருக்கு. மண்வெட்டி, சட்டி, தாடி வெச்ச ஆளுங்க படம் மட்டும் போட்ட காபி டேபிள் புத்தகத்துல இது வராது.

கேள்வி: இங்கிலாந்து ராக் குழு பீட்டில்ஸ் பத்தி மார்க் லூயிசன் எழுதுன புத்தகம் வாங்கினேன். 900 பக்கத்துக்கு மேல படிச்சும் அவங்க அமெரிக்கா போகவே இல்ல. டூப்ளிகேட்டா? - கோவை வாசகர்

பதில்: அட்டைய பாத்தீங்களா? வால்யூம் ஒன்னுன்னு போட்டிருக்கும். 2013ல வந்த அந்த 'டியூன் இன்' 1962 கடைசியோட முடியுது, அவங்க அமெரிக்கா போனது 1964 பிப்ரவரி. அதே புத்தகத்துக்கு ரெண்டு பாகமா இன்னும் பெரிய எடிஷன் ஒன்னு இருக்கு, அதையும் அடுத்த வால்யூம்னு நெனச்சு வாங்கிடாதீங்க, அதுவும் 1962 தான். இந்த ஃபீல்டே இப்படித்தான். பீட்டர் குரால்னிக் எழுதுன பாடகர் எல்விஸ் பிரெஸ்லி வரலாறுல முதல் புத்தகம் 1958ல நின்னுரும், மீதிக்கு தனியா ஒன்னு வாங்கணும். அமெரிக்க பாடகர் பாப் டிலன் 2004ல தன்னோட கதைய 'வால்யூம் ஒன்'னு போட்டாரு, அதோட சரி.

கேள்வி: பாப் டிலன் கையெழுத்து போட்ட புத்தகம் 40,000 ரூபாய்க்கு ஒருத்தர் தர்றேங்கறார். ஒரிஜினல்னு சர்டிஃபிகேட்டும் இருக்காம். - பெங்களூரு வாசகர்

பதில்: வாங்காதீங்க. 2022 நவம்பர்ல சைமன் அண்ட் ஷூஸ்டர் பதிப்பகமே டிலன் கையெழுத்து போட்டதுன்னு அவரோட 'த ஃபிலாசஃபி ஆஃப் மாடர்ன் சாங்' புத்தகத்த 900 காப்பி வித்துச்சு, ஒன்னு 599 டாலர், கூடவே உத்தரவாத லெட்டர். வாங்குனவங்க அவங்கவங்க காப்பிய ஃபோட்டோ எடுத்து போட்டு பக்கத்துல பக்கத்துல வெச்சு பாத்தா கையெழுத்து எல்லாம் அச்சு அசல் ஒன்னு போல இருக்கு, கடைசில பாத்தா மெஷின் போட்ட கையெழுத்து. கம்பெனி காச திருப்பி குடுத்துச்சு, டிலனே தலை சுத்தல் வியாதி, கொரோனா காலம்னு காரணம் சொல்லி வருத்தம் தெரிவிச்சாரு. பதிப்பகமே குடுத்த லெட்டருக்கு அந்த கதின்னா, உங்காளு வீட்டு பிரிண்டர்ல எடுத்த சர்டிஃபிகேட்ட என்ன பண்றது?

கேள்வி: அண்ணா, காலேஜ் படிக்கறேன். ராக் அண்ட் ரோல் பாடகர் லிட்டில் ரிச்சர்ட் வாழ்க்கை வரலாறுன்னு 799 ரூபாய்க்கு ஒன்னு வாங்கினேன், பார்ட் டைம் வேலைல சேத்த காசு. வந்தது 60 பக்கம், ஒரே விஷயத்தையே திரும்ப திரும்ப சொல்லுது, அவர் பிறந்த ஊரே ரெண்டு எடத்துல ரெண்டு விதமா இருக்கு. ரிட்டர்ன் கிடையாதுங்கறாங்க. நான் தான் பாக்காம வாங்கிட்டேனா? - திருச்சி மாணவர்

பதில்: இல்ல தம்பி, நீ ஒன்னும் தப்பு பண்ணல, உன்ன ஏமாத்தியிருக்காங்க. அவர் பிறந்தது ஜார்ஜியா மாநிலம் மேக்கன், அத கூட சரியா போடாத ஒன்னுக்கு பேர் வாழ்க்கை வரலாறா. எனக்கு இந்த விஷயத்துல பல வருஷ கோவம் இருக்கு, கொஞ்சம் கொட்டிக்கறேன். இப்ப ஏஐ மெஷின வெச்சு ஒரே ராத்திரில ஒரு வாழ்க்கை வரலாறு தயார் பண்றாங்க, யாராவது பெரிய பாடகர் செத்துட்டா அடுத்த நாளே பத்து புத்தகம் வந்து நிக்குது. மெஷின் தான் புதுசு, வேலை பழசு. 1897 ஜூலை 17ல போர்ட்லேண்ட்ங்கற கப்பல், கனடாவோட யூகான் பகுதில இருக்கற கிளாண்டைக்ல எடுத்த தங்கத்தோட, அமெரிக்காவோட சியாட்டில்ல வந்து நின்னுச்சு, அந்த வருஷமே கிளாண்டைக் போறது எப்படின்னு வழிகாட்டி புத்தகம் வரிசையா வந்து குவிஞ்சுது, யூகான் பக்கம் தலை வெச்சு படுக்காதவன் எல்லாம் பேப்பர் செய்திய வெட்டி ஒட்டி எழுதுனான். கனடாவுல எட்மண்டன்ங்கற ஊர்ல இருந்து தரை வழியா போறது சுலபம்னு நம்பி கெளம்புன பல பேர் போய் சேரவே இல்ல, சேந்தவங்கள்ல நிறைய பேருக்கு வருஷம் கடந்துருச்சு. மொத்தமா சுமார் 1,00,000 பேர் கெளம்பி கிளாண்டைக் பக்கத்து டாசன் ஊருக்கு போய் சேந்தது முப்பது நாப்பதாயிரம் பேர், அவங்க போறதுக்குள்ள நல்ல எடத்த எல்லாம் ஏற்கனவே ஆளுங்க புடிச்சுட்டாங்க. பொய் புத்தகம் எழுதுனவன் எவனும் குளிர்ல நிக்கல. அதனால எந்த புத்தகம்னாலும் எழுதுனவர் யாரு, அந்த எடத்துக்கு போனாரா, சம்பந்தப்பட்டவங்க கிட்ட பேசினாரான்னு முதல்ல பாரு, எழுதுனவர் பேர தேடுனா அவர் எழுதுன வேற எதுவுமே வரல, இல்லன்னா ஒரே மாசத்துல முப்பது புத்தகம் வருதுன்னா விட்டுரு. லிட்டில் ரிச்சர்டுக்கு சார்ல்ஸ் வைட் எழுதுனது இருக்கு, 1984, அவர் கூடவே உக்காந்து பேசி எழுதுனது.

இப்ப காசுக்கு வருவோம். 2020 இ-காமர்ஸ் விதிப்படி விளம்பரத்துல சொன்ன மாதிரி இல்லாத பொருள திருப்பி எடுக்க மாட்டேன்னு விக்கறவர் சொல்ல முடியாது. சைட்டோட குறைதீர்ப்பு அதிகாரிக்கு எழுது, 48 மணி நேரத்துல புகார் கிடைச்சுதுன்னு பதில் தரணும், ஒரு மாசத்துக்குள்ள தீர்த்து வைக்கணும். ரெண்டு எடத்துல ரெண்டு ஊர் போட்டிருக்குன்னியே, அந்த ரெண்டு பக்கத்தையும் ஃபோட்டோ எடுத்து சேத்து அனுப்பு. அதுக்கும் மசியலன்னா 1915க்கு ஃபோன் பண்ணு, அது தேசிய நுகர்வோர் உதவி எண். கடைசியா திருச்சி மாவட்ட நுகர்வோர் ஆணையம் இருக்கு, 5 லட்சம் வரைக்கும் ஃபீஸ் கிடையாது, வக்கீலும் கட்டாயம் இல்ல. 799 தானேன்னு விடாத, உன்ன மாதிரி விட்டவங்கள நம்பித்தான் அவங்க கடை ஓடுது.

கேள்வி: 1970ல வந்த ராக் வரலாறு புத்தகம் ஒன்னு, ஃபர்ஸ்ட் எடிஷன்னு 6,000 கேக்கறாங்க. எப்படி கண்டுபிடிக்கறது? - மதுரை வாசகர்

பதில்: அமெரிக்க ஹார்ட்கவர்னா மேலட்டை, அதாவது மேல சுத்தியிருக்கற பேப்பர் உறையோட உள்மடிப்ப பாருங்க, விலை அச்சாகியிருக்கணும். விலையே இல்ல, பின்னட்டைல கீழ் மூலைல சின்னதா ஒரு அமுங்கின குழி இருக்குன்னா அது பெரும்பாலும் புக் கிளப் எடிஷன், கிளப் மெம்பர்களுக்குன்னு மலிவா அச்சடிச்சது, நூறு இருநூறு பெறும். நான் குழி இருக்கற ஒன்னுக்கு நாலாயிரம் அழுதிருக்கேன், வித்தவர் அத 'பதிப்பகத்தோட முத்திரை'ன்னாரு.

கேள்வி: நம்ம பக்கம் இந்த மாதிரி தங்க வேட்டை நடந்துச்சா? அதுக்கு புத்தகம் இருக்கா? - ஊட்டி வாசகி

பதில்: உங்க மாவட்டத்துலயே நடந்துச்சு. 1880 வாக்குல பந்தலூர், தேவாலா பக்கம் தங்கம் இருக்குன்னு லண்டன்ல கம்பெனி கம்பெனியா ஷேர் வித்தாங்க, கொஞ்ச வருஷத்துலயே எல்லாம் படுத்துருச்சு. டபிள்யூ. ஃப்ரான்சிஸ் எழுதுன 1908 நீலகிரி கெஜட்டியர்ல, அதாவது அரசாங்கம் போட்ட மாவட்ட விவர புத்தகத்துல, இந்த கதை இருக்கு.

கேள்வி: ராக் அண்ட் ரோல் பாடகர் சக் பெர்ரி சுயசரிதை பழைய காப்பி 900 ரூபாய், மேலட்டை கிழிஞ்சிருக்கு. பேரம் பேசலாமா? - புதுச்சேரி வாசகர்

பதில்: பேரம் பேசாம வாங்குங்க. 1987ல வந்தது, வேற ஆள வெச்சு எழுதாம அவரே எழுதுனது. 1955ல அவரோட முதல் ஹிட்டுக்கு பாட்டு எழுதுனவங்க வரிசைல ஆலன் ஃப்ரீட்னு ரேடியோ ஆள் பேரையும் சொருகி ராயல்டில பங்கு போட்டுக்கிட்டாங்க, அவரும் நம்ம மாதிரி ஏமாந்தவர் தான். மேலட்டைய செல்லோ டேப் போட்டு ஒட்டிடாதீங்க, மஞ்சளாயிடும்.