முடிச்சு அவிழவும் பேச்சு எடுபடவும்: தேசிய விழா சந்தேகங்கள்

ஆகஸ்ட் 15, ஜனவரி 26 விழாக்களை நடத்துகிறவர்களும் அங்கே பேசப்போகிறவர்களும் அனுப்பிய கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில்.

கேள்வி: எங்கள் பள்ளியில் மாணவர்களின் சுதந்திர தின உரைகள் எல்லாம் அச்சடித்த மாதிரி இருக்கின்றன. ‘இன்னுயிர் நீத்த தியாகிகள்’ என்று தொடங்கி ‘வாழ்க பாரதம்’ என்று முடிகின்றன. மூன்று நிமிடத்தில் மனதில் தைக்கிற மாதிரி பேசவைப்பது எப்படி?
— ஓர் ஆசிரியை

பதில்: தலைவர்களின் பெயர்களை வரிசையாக அடுக்குவதை முதலில் நிறுத்துங்கள். பத்துப் பெயர் சொன்னால் ஒன்றுகூட நிற்காது. ஒரு நாள், ஓர் ஊர், ஒரு செயல் போதும். உதாரணத்துக்கு இந்தத் தொடக்கத்தைப் பாருங்கள்:

“1930 ஏப்ரல் 13. ராஜாஜி தலைமையில் ஏறக்குறைய நூறு பேர் திருச்சியிலிருந்து வேதாரண்யம் நோக்கி நடக்கிறார்கள், உப்பு அள்ள. அவர்களுக்குச் சோறு போட்டாலோ தங்க இடம் கொடுத்தாலோ தண்டனை என்கிறார் தஞ்சை கலெக்டர் தார்ன். பல இடங்களில் ஊர்க்காரர்கள் சோற்றைக் கையில் கொடுக்கவில்லை. பொட்டலம் கட்டி வழியோர மரக்கிளைகளில் தொங்கவிட்டுப் போய்விட்டார்கள். ஏப்ரல் 30 அன்று வேதாரண்யத்தில் உப்பு அள்ளப்பட்டது.”

இதில் ‘வீரம்’, ‘தியாகம்’ என்ற சொற்கள் எங்கும் வரவில்லை. கேட்கிற பிள்ளை அதைத் தானாகவே புரிந்துகொள்ளும். இங்கிருந்து ஒரே ஒரு கேள்விக்குப் போகலாம்: பொட்டலம் கட்டியவர்களில் பெரும்பாலோரின் பெயர் நமக்குத் தெரியாது, அவர்கள் இடத்தில் நாம் இருந்திருந்தால் என்ன செய்திருப்போம்? கடைசி அரை நிமிடத்தைப் பள்ளியிலோ தெருவிலோ செய்யக்கூடிய ஒரு காரியத்துக்கு ஒதுக்குங்கள். ‘நாட்டுக்காக உழைப்போம்’ என்று சொல்லி முடித்தால் யாருக்கும் ஒரு வேலையும் இல்லை. ‘உடைந்த குழாயைப் பார்த்தால் அன்றைக்கே தலைமையாசிரியரிடம் சொல்வோம்’ என்றால் மறுநாளே செய்யலாம்.

அளவு: ஒலிபெருக்கியில் நிமிடத்துக்கு 80 முதல் 100 சொற்களுக்கு மேல் போனால் பின்வரிசைக்கு விளங்காது. ஆக, மூன்று நிமிடத்துக்கு 250 சொற்கள் எழுதினால் போதும், நிறுத்திப் பேசவும் இடம் கிடைக்கும். மைதானத்தில் புனல் ஒலிபெருக்கி என்றால் எதிரொலி வரும். ஒவ்வொரு வாக்கியத்துக்குப் பிறகும் ஒரு மூச்சு இடைவெளி விடச் சொல்லுங்கள். மைக் வாயிலிருந்து ஒரு சாண் தள்ளி இருக்கட்டும். மனப்பாடம் செய்த பிள்ளை நடுவில் ஒரு சொல்லை மறந்தால் மொத்தமும் நின்றுபோகும். அதனால் ஐந்து குறிப்புகளை ஓர் அட்டையில் எழுதிக் கையில் கொடுப்பது நல்லது. அட்டையைப் பார்த்துப் பேசினால் மதிப்பெண் குறைக்கும் நடுவர்கள் இருக்கிறார்கள். அந்த விதியை எடுத்துவிட்டால் பேச்சுகளின் தரம் தானாக உயரும்.

மேடையில் அடிக்கடி கேட்கும் தவறுகள் சில. திருப்பூர் குமரன் தூக்கிலிடப்படவில்லை. 1932 ஜனவரி 10 ஊர்வலத்தில் தடியடிபட்டு மறுநாள் இறந்தார். வ.உ.சி. சிறையில் இறக்கவில்லை, 1912இல் விடுதலையாகி 1936 வரை வாழ்ந்தார், அதுவும் வறுமையில். பாரதி சுதந்திரத்தைப் பார்க்கவில்லை, 1921இலேயே மறைந்துவிட்டார்.

கேள்வி: போன குடியரசு தினத்தில் எங்கள் குடியிருப்பில் கொடி விரியவே இல்லை. சிறப்பு விருந்தினர் இழுத்து இழுத்துப் பார்த்தார். எங்கே தவறு நடக்கிறது?
— குடியிருப்போர் சங்கச் செயலாளர்

பதில்: பெரும்பாலும் முடிச்சில்தான். கொடியைச் சுற்றிய கயிற்றில் இரட்டை முடிச்சோ இரண்டு மூன்று சுற்றோ போட்டுவிடுகிறார்கள். இழுக்க இழுக்க அது இறுகும்.

செய்ய வேண்டியது இது. சுத்தமான மேசையில் கொடியை விரியுங்கள். கம்பத்தை ஒட்டி வரும் விளிம்பில் கயிறு கோத்த துணிமடிப்பு இருக்கும். காவி நிறம் இருக்கும் முனையைத்தான் கம்பக்கயிற்றின் மேல் முனையில் கட்ட வேண்டும். கொடி தலைகீழாகப் பறப்பது இந்த இடத்தில் கவனிக்காததால்தான். பிறகு கொடியை நீளவாக்கில் இருமுறை மடித்து, பறக்கும் முனையிலிருந்து விசிறி மடிப்பாக மடித்து வாருங்கள். கடைசி மடிப்பில் ஒரு கைப்பிடி இதழ் வைக்கலாம். கொடிச் சட்டத்தொகுப்பு 2002 இதை அனுமதிக்கிறது. இதழ் உலர்ந்ததாக இருக்க வேண்டும். ஈர இதழ் துணியோடு ஒட்டிக்கொள்ளும், வெள்ளைப் பட்டையில் கறையும் படும். மடித்த பொதியைக் கீழ்க்கயிற்றால் ஒரே ஒரு சுற்று சுற்றி, கயிற்றை மடித்து வளையமாகச் செருகி, உருவு முடிச்சாக விடுங்கள். ஓர் இழுப்பில் உருவிக்கொண்டு வர வேண்டும்.

நைலான் கயிறு வழுக்கும், பாதி உயரத்திலேயே கொடி பிரிந்துவிடும். பருத்திக் கயிறு நல்லது, ஆனால் மழையில் நனைந்தால் இறுகும். அதை முதல்நாள் இரவே கம்பத்தில் கட்டி வைக்காதீர்கள். முதல்நாள் மாலை இதழோடு ஒருமுறை ஒத்திகை பாருங்கள், கப்பிக்கு எண்ணெய் விடுங்கள். தொங்கும் இரண்டு கயிறுகளில் இழுக்க வேண்டியதில் ஒரு துண்டு நாடா சுற்றி, விருந்தினரிடம் காட்டிவிடுங்கள். அப்படியும் விரியாவிட்டால் வெட்டி வெட்டி இழுக்காமல் கீழே இறக்கி, பிரித்து, மறுபடி ஏற்றுங்கள். அதில் அவமானம் ஒன்றும் இல்லை.

முறையாகப் பார்த்தால் சுதந்திர தினத்தில் கொடியைக் கீழிருந்து மேலே ஏற்ற வேண்டும். குடியரசு தினத்தில் உச்சியில் முன்பே கட்டியிருக்கும் கொடியை விரிக்க வேண்டும். செங்கோட்டையில் பிரதமர் ஏற்றுகிறார், ஜனவரி 26 அன்று குடியரசுத் தலைவர் விரிக்கிறார். ஆகஸ்ட் 15இல் மாநில முதல்வர்கள் கொடியேற்றும் உரிமை கலைஞர் கருணாநிதி கேட்டுப் பெற்றது, 1974இல்.

பொதுமக்கள் திறந்த வெளியிலும் வீட்டிலும் இரவும் பகலும் கொடியைப் பறக்கவிட 2022 ஜூலை முதல் அனுமதி உண்டு. கிழிந்த கொடியைக் குப்பையில் போடக் கூடாது. தனியிடத்தில், முழுதாக, எரித்தோ வேறு மரியாதையான முறையிலோ அகற்ற வேண்டும். விழா முடிந்ததும் தரையில் கிடக்கும் காகிதக் கொடிகளைப் பொறுக்க இரண்டு பேரை முன்கூட்டியே நியமியுங்கள்.

கேள்வி: பேனரில் எத்தனையாவது சுதந்திர தினம் என்று போடுவது? வருடா வருடம் சண்டை வருகிறது.

பதில்: ஆண்டிலிருந்து 1946ஐக் கழியுங்கள். 2026 என்றால் 80ஆவது சுதந்திர தினம். நிறைவடைந்தவை 79 ஆண்டுகள். குடியரசு தினத்துக்கு 1949ஐக் கழிக்க வேண்டும்: 2026இல் 77.

கேள்வி: வாட்ஸ்அப்பில் வரும் தலைவர்களின் பொன்மொழிகளைப் பேச்சில் பயன்படுத்தலாமா?

பதில்: எந்த நாள், எந்த இடத்தில் சொன்னது என்று காட்ட முடியாததைத் தொடாதீர்கள். ‘நீ காண விரும்பும் மாற்றமாக நீயே இரு’ என்பது காந்தியின் எழுத்துகளில் அந்த வடிவில் இல்லை. அதே நேரம் ‘செய் அல்லது செத்து மடி’ 1942 ஆகஸ்ட் 8 அன்று பம்பாயில் அவர் பேசியதுதான். குடியரசு தினத்துக்கு அம்பேத்கரின் 1949 நவம்பர் 25 உரையை எடுங்கள்: அரசியலில் சமத்துவமும் சமூக, பொருளாதார வாழ்வில் சமத்துவமின்மையுமாக முரண்பாடுகள் நிறைந்த வாழ்வுக்குள் நுழையப்போகிறோம் என்று அரசியல் நிர்ணய சபையில் எச்சரித்தார். கைதட்டலுக்கு உதவாது. ஆனால் கூட்டம் யோசிக்கும்.

கேள்வி: எங்கள் வளாகத்தில் வெளிமாநிலக் குடும்பங்கள் பாதிக்கு மேல். அவர்களும் தம் விழாவாக உணர என்ன பேசலாம்?

பதில்: ‘உங்களை வரவேற்கிறோம்’ என்று மட்டும் பேசாதீர்கள், சொன்ன நொடியில் அவர்கள் விருந்தாளி ஆகிவிடுகிறார்கள். வேலையைப் பிரித்துக் கொடுங்கள்: கொடி மடிக்க ஒருவர், ஒலிபெருக்கிக்கு ஒருவர். அரசியலமைப்பின் முகப்புரையை வளாகத்தில் பேசப்படும் ஒவ்வொரு மொழியிலும் ஒருவர் வாசிக்கட்டும். ஒரு மொழிக்கு ஒரு நிமிடம் ஆகும். நான்கு மொழிக்கு மேல் போனால் வெயிலில் குழந்தைகள் நெளிவார்கள். அப்போது ஆளுக்கு ஒரு வரியாகப் பிரித்துவிடுங்கள். நீதி, சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் என்ற நான்குக்கும் பிறந்த ஊரைக் கேட்கும் நிபந்தனை அதில் கிடையாது. நாட்டுப்பண்ணை முழுதாகப் பாட 52 விநாடி. பதிவு செய்ததை ஒலிக்கவிட்டு மற்றவர்கள் சும்மா நிற்பதைவிட, சுருதி விலகினாலும் எல்லோரும் சேர்ந்து பாடுவதே மேல்.

கேள்வி: கொடியேற்றி மிட்டாய் கொடுத்ததோடு முடிந்துவிடுகிறது. கிராமத்தில் அன்றைக்கு வேறு என்ன செய்யலாம்?

பதில்: ஜனவரி 26, ஆகஸ்ட் 15 இரண்டுமே தமிழ்நாட்டில் கிராம சபை நாட்கள். ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ள எல்லோரும் அதன் உறுப்பினர்கள். தனி அழைப்பு தேவையில்லை. கோரிக்கையை இரண்டு பிரதி எழுதிப் போங்கள். ஒன்றில் பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்குங்கள். ‘சாலை சரியில்லை’ என்று எழுதினால் பதிலும் அப்படித்தான் வரும். எந்தத் தெரு, எங்கிருந்து எதுவரை, எத்தனை மீட்டர் என்று குறிப்பிடுங்கள். ஊராட்சியின் வரவு செலவுக் கணக்கை வாசிக்கச் சொல்லிக் கேட்கலாம். பலரும் கோட்டைவிடுவது ஒன்று: வாயால் ‘சரி, செய்துவிடலாம்’ என்று சொன்னதும் திரும்பிவிடுகிறார்கள். தீர்மானமாகப் பதிவேட்டில் எழுதி, வாசித்துக் காட்டிய பிறகு கையெழுத்துப் போடுங்கள். வெற்றுப் பக்கத்தில் வருகைக் கையெழுத்து கேட்டால் மறுத்துவிடுங்கள்.