டாமினேட்டர் பழுதாகவில்லை

சைக்கோ-பாஸ் அனிமேயின் 11ஆம் எபிசோடில் போலீஸ் நாயகி அகானேயின் டாமினேட்டர் துப்பாக்கி ஏன் சுடவில்லை, கதையில் ஓட்டையா, இத்தோடு விட்டுவிடலாமா என்று கேட்டிருந்தீர்கள்.

ஓட்டை இல்லை சகோ. டாமினேட்டர் ஒருவன் என்ன செய்கிறான் என்று பார்ப்பதில்லை. அவன் மனதின் குற்றக் குணகத்தை, அதாவது குற்றம் செய்யும் வாய்ப்பைக் காட்டும் எண்ணை மட்டும் அளக்கிறது. 100ஐத் தொட்டால்தான் மயக்கும், 300ஐத் தாண்டினால் கொல்லும். வில்லன் மகிஷிமா, அகானேயின் தோழி யூகியைப் பிடித்துவைத்துக் கத்தியால் கீறும்போதே அவன் எண் இறங்கிக்கொண்டே போகிறதே, கவனித்தீர்களா? கொலை அவன் மனதைக் கலக்குவதே இல்லை. எல்லார் மனதையும் எடைபோட்டு நாட்டை நடத்தும் சிபில் அமைப்பின் கண்ணுக்கு அவன் நல்ல குடிமகன். விசை பூட்டியே கிடக்கிறது.

அகானேயின் கைகளைப் பார்ப்பதற்காகவே அந்தக் காட்சியை மறுபடி ஓட்டுங்கள். அவன் தூக்கிப் போட்ட வேட்டைத் துப்பாக்கியை எடுத்த பிறகும் டாமினேட்டரை அவள் கீழே போடவில்லை. ஒற்றைக் கையால் சுட்டால் குறி எங்கே நிற்கும்? ரத்தத்தைவிட எனக்கு இதுதான் உறுத்தியது.

22 எபிசோடில் இது சரியாகப் பாதி. அவன் ஏன் இப்படி என்பதற்கு 13இல் ஒரு பதில் வரும், 17இல் அதைவிடப் பயங்கரமான ஒன்று. அதுவரை விக்கி பக்கம் தலைவைத்தும் படுக்காதீர்கள்.