காய்ந்த பழமும் புதினாவும் போட்ட கூஸ்கூஸ்: பிசுபிசுக்காமல் சட்டென்று செய்வது எப்படி?

கேள்வியில் மூன்று விஷயம் கேட்டிருக்கிறீர்கள். விருந்துக்குப் பக்க உணவாகக் காய்ந்த பழமும் பச்சை இலைகளும் போட்டு கூஸ்கூஸ் செய்வது எப்படி, பாக்கெட்டில் போட்டபடி செய்தும் ஏன் பிசுபிசுவென்று ஆகிறது, முந்தின நாளே செய்து வைக்கலாமா. இரண்டாவதிலிருந்து ஆரம்பிக்கிறேன். அது புரிந்துவிட்டால் செய்முறைக்கு அதிகம் பேச வேண்டியதில்லை.

கடையில் வாங்குகிற கூஸ்கூஸ் ஏற்கெனவே வெந்தது. டியூரம் என்ற கெட்டிக் கோதுமையின் ரவையில் தண்ணீர் தெளித்து, சின்னச் சின்ன மணியாக உருட்டி, ஆவியில் வேகவைத்து, உலர்த்தித்தான் பாக்கெட்டில் அடைக்கிறார்கள். அதை நாம் மறுபடி வேகவைக்க வேண்டாம், ஊறவைத்தால் போதும். ஆனால் உப்புமா கிளறிப் பழகிய கை சும்மா இருக்காது. கொதிக்கிற தண்ணீரில் கொட்டி, அடுப்பைச் சிம்மில் வைத்து, கரண்டியால் நாலு சுற்று சுற்றிவிடும். அங்கேதான் கெடுகிறது. மணிகள் உடைந்து, மேலிருக்கும் மாவுச்சத்து தண்ணீரில் கரைந்து, ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்கிறது. அதற்கப்புறம் எந்த வித்தையும் பலிக்காது.

தண்ணீர் அளவு அடுத்த காரணம். ஒரு பங்கு கூஸ்கூஸுக்கு ஒன்றரைப் பங்கு தண்ணீர் என்று பல செய்முறைகளில் எழுதியிருக்கும். குழம்பு ஊற்றிச் சாப்பிடக்கூட அது எனக்கு அதிகமாகத்தான் படுகிறது. பழமும் இலையும் போடுகிற இந்த வகைக்குக் கப் அளவில் ஒன்றுக்கு ஒன்று, மிஞ்சிப் போனால் மேலே இரண்டு ஸ்பூன். ஏனென்றால் பின்னால் எலுமிச்சைச் சாறு ஊற்றப் போகிறீர்கள், ஊறின பழத்தில் ஈரம் இருக்கிறது, கழுவின இலையிலும் கொஞ்சம் ஒட்டியிருக்கும். அதற்கெல்லாம் கூஸ்கூஸில் இடம் வேண்டும் அல்லவா?

சரி, செய்முறை. நாலு பேருக்குப் பக்க உணவாக ஒரு கப் போதும், எடையில் சுமார் 180 கிராம். முதல் வேலை பழம். காய்ந்த ஆப்ரிகாட் ஆறேழு எடுத்துச் சுண்டைக்காய் அளவுக்கு நறுக்குங்கள். இரண்டு மேசைக்கரண்டி காய்ந்த திராட்சை. இரண்டையும் ஒரு கிண்ணத்தில் போட்டு, ஒரு கப்பும் கொஞ்சமும் கொதிக்கிற தண்ணீரை ஊற்றிப் பத்து நிமிடம் விடுங்கள். பழத்தை ஊறவைக்காமல் அப்படியே கூஸ்கூஸில் போட்டால் அது சுற்றியுள்ள ஈரத்தை இழுத்துக்கொள்ளும். மணி ஒரு பக்கம் வறண்டு கிடக்கும், பழமும் தோல் மாதிரி பல்லில் இழுக்கும். பத்து நிமிடம் கழித்துத் தண்ணீரை வடித்துக்கொள்ளுங்கள், கொட்டிவிடாதீர்கள். பழத்தின் இனிப்பு இறங்கிய அந்தத் தண்ணீரையே ஒரு கப் அளந்து, மறுபடி தளதளவென்று கொதிக்கவிட்டு, கூஸ்கூஸில் ஊற்றப் போகிறோம். குறைந்தால் வெறும் தண்ணீர் சேர்த்துக்கொள்ளலாம்.

பழம் ஊறுகிற நேரத்தில் அகலமான பாத்திரம் ஒன்றில் கூஸ்கூஸைக் கொட்டுங்கள். அகலம் முக்கியம். உயரமான குறுகிய டப்பாவில் ஊறினால் அடியில் இருப்பது மேலிருக்கும் கனத்தில் நசுங்கி ஒரே கட்டியாகிவிடும். அரை டீஸ்பூன் உப்பு, அரை டீஸ்பூன் சீரகத்தூள், ஒரு சிட்டிகை பட்டைத்தூள், ஒரு மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெய். இப்போது இரண்டு கையாலும் தேயுங்கள். ஒவ்வொரு மணியிலும் எண்ணெய் பூசின மாதிரி, மணல் போலப் பளபளவென்று விரலிடுக்கில் ஓட வேண்டும். ஒரு நிமிட வேலை. அவசரத்தில் பலரும் தாண்டிப் போவது இதைத்தான்.

கொதிக்கிற தண்ணீரைப் பரவலாக ஊற்றி, பாத்திரத்தை ஒரு தடவை ஆட்டிச் சமப்படுத்தி, ஊறின பழத்தை மேலே பரப்பி, தட்டால் மூடிவிடுங்கள். ஐந்து நிமிடம் அந்தப் பக்கமே போகாதீர்கள். திறந்ததும் அடை போல ஒட்டிக்கொண்டு இருக்கும். பயப்பட வேண்டாம், அப்படித்தான் இருக்க வேண்டும். முள்கரண்டியால் ஓரத்திலிருந்து உள்நோக்கிச் சுரண்டிச் சுரண்டி உதிருங்கள். ஸ்பூன் வேண்டாம், அது அழுத்தும். கை பொறுக்கும் சூடு வந்ததும் இன்னும் அரை மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, மிச்சக் கட்டியை விரல் நுனியால் உடைத்துவிடுங்கள்.

இந்தக் கைவேலையை நான் கற்றுக்கொண்டது எங்கள் கட்டடத்தில் மேல்மாடியில் இருக்கும் மொராக்கோ அம்மாவிடம். நான் இருப்பது பாரிஸ் புறநகர். இங்கே கூஸ்கூஸை யாரும் வெளிநாட்டுப் பண்டமாக நினைப்பதில்லை. பள்ளிக்கூட கேன்டீனிலும் போடுவார்கள், சூப்பர் மார்க்கெட்டில் பொடி, நடுத்தரம், பெரியது என்று மணியின் பருமன் பார்த்து வாங்கலாம். வெள்ளிக்கிழமைத் தொழுகை முடிந்து கூஸ்கூஸ் சாப்பிடுவது மொராக்கோ வழக்கம். அந்த அம்மா அன்றைக்குக் காலையிலேயே ஆரம்பித்துவிடுவார். அகலமான மண் தாம்பாளத்தில் கூஸ்கூஸைக் கொட்டி, உப்புத் தண்ணீரைக் கையில் அள்ளித் தெளித்து, உள்ளங்கைகளுக்கு நடுவே உருட்டித் தேய்ப்பார். நம் ஊரில் புட்டுக்கு மாவு பிசறுகிற அதே கைதான். கீழ்ப் பானையில் கறியும் காய்களும் கொதிக்க, மேலே துளை போட்ட பானையில் கூஸ்கூஸ் அந்த ஆவியிலேயே வேகும். இரண்டு பானையும் சேருகிற இடத்தில் ஆவி கசியாமல் இருக்க, மாவுக் கரைசலில் நனைத்த துணி நாடாவை இறுக்கிச் சுற்றுவார். கொஞ்ச நேரம் வெந்ததும் தாம்பாளத்தில் திரும்பக் கொட்டி, ஆறவிட்டு, மறுபடி தண்ணீர் தெளித்து உதிர்த்து, மறுபடி ஆவி. மொத்தம் மூன்று தடவை. ஐந்து நிமிடப் பாக்கெட்டைப் பற்றிக் கேட்டால் உதட்டைச் சுழிப்பார். ஆனால் அவர் சமையலறை அலமாரியிலும் ஒரு பாக்கெட் இருக்கிறது, நானே பார்த்திருக்கிறேன். வார நாளில் அவரும் மனுஷிதானே.

2020-இல் அல்ஜீரியா, மொராக்கோ, துனிசியா, மொரிட்டானியா ஆகிய நான்கு நாடுகளும் சேர்ந்து கேட்டு, கூஸ்கூஸ் செய்யும் கலையை யுனெஸ்கோவின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் ஏற்றினார்கள். யாருடைய கூஸ்கூஸ் உசத்தி என்று காலம் காலமாக வாதாடுகிறவர்கள் ஒரே தாளில் கையெழுத்துப் போட்டதுதான் எனக்கு அதில் பெரிய செய்தி.

நீங்கள் கேட்கிற மாதிரி இலையும் பழமும் போட்டு ஆறவைத்துச் சாப்பிடுவது மக்ரெப், அதாவது மொராக்கோ, அல்ஜீரியா, துனிசியா அடங்கிய வடமேற்கு ஆப்பிரிக்கப் பகுதி வீடுகளின் பழைய வழக்கம் என்று சொல்ல மாட்டேன். அது பெரும்பாலும் ஐரோப்பிய சமையலறையில் உருவான சுருக்கு வழி. பிரான்சில் தபூலே என்று விற்கிற சாலட்டும் கூஸ்கூஸில் செய்ததுதான். அசல் லெபனான் தபூலேயோ கோதுமைக் குருணையில் செய்வது, அதிலும் கொத்தமல்லி மாதிரி இருக்கும் பார்ஸ்லி இலைதான் முக்கால்வாசி. கூஸ்கூஸோடு பழம் சேர்ப்பதற்கு மக்ரெபில் வேறு நல்ல வழிகள் உண்டு. மொராக்கோவின் ஸெஃப்ஃபா: வெண்ணெய், சர்க்கரைத்தூள், பட்டை, பாதாம், திராட்சை போட்டுக் குவித்து வைப்பது. துனிசியாவின் மெஸ்ஃபூஃப்: பேரீச்சையும் மாதுளை முத்தும் சேர்ந்தது, நோன்பு மாதத்தில் விடிவதற்கு முன்னால் சாப்பிட உகந்தது. எல்லாவற்றிலும் எனக்குப் பிடித்தது த்ஃபாயா. வெங்காயத்தை நீளமாக நறுக்கி, வெண்ணெயில் மெல்லிய தீயில் வதக்கி, இஞ்சித்தூள், பட்டை, கொஞ்சம் குங்குமப்பூ, திராட்சை, தேன் சேர்த்து, பழுப்பாகச் சுருளும் வரை விட வேண்டும். கூடுதலாக முக்கால் மணி நேரம் கையில் இருந்தால் ஆப்ரிகாட்டை மறந்துவிட்டு இதைச் செய்து கூஸ்கூஸின் தலையில் வையுங்கள். விருந்தாளிகள் செய்முறை கேட்காமல் போக மாட்டார்கள்.

நேரம் இல்லை என்றால் பழையபடி நம் பாத்திரத்துக்கு வருவோம். கூஸ்கூஸ் வெதுவெதுப்புக்கு வந்தபிறகுதான் இலைகள். சூட்டில் போட்டால் புதினா கறுத்துவிடும், கொத்தமல்லி வாசம் போய்விடும். ஒரு பெரிய கைப்பிடி கொத்தமல்லி அல்லது பார்ஸ்லி, அதில் பாதி புதினா. பார்ஸ்லி கிடைக்கவில்லையே என்று தேடி அலைய வேண்டாம். மொராக்கோ சமையலில் கொத்தமல்லி இல்லாத நாளே கிடையாது. துனிசியாவில் பெருஞ்சீரகச் செடியின் இலையைக்கூடச் சேர்ப்பார்கள். இலையைக் கழுவி, துணியில் ஒற்றி, ஈரம் போனபிறகு கூரான கத்தியால் நறுக்குங்கள். மழுங்கின கத்தி புதினாவை நசுக்கும். அப்புறம் ஒரு எலுமிச்சம்பழத்தின் மஞ்சள் தோலை மட்டும் மெல்லிசாகத் துருவிப் போட்டு, பாதிப் பழத்தைப் பிழியுங்கள். தோலில்தான் மணம், சாற்றில் புளிப்பு மட்டும்தான். உப்பு பார்த்து, வறுத்து உடைத்த பாதாமைக் கடைசியாகத் தூவுங்கள். முன்னாலேயே போட்டால் மொறுமொறுப்பு போய்விடும்.

பழம் விஷயத்தில் கொஞ்சம் கண்டிப்பாக இருக்கலாம் என்பது என் கட்சி. இரண்டு வகைக்கு மேல் வேண்டாம். கையில் இருக்கும் எல்லாவற்றையும் போட்டால் பாயசத்துக்கு எடுத்து வைத்த தட்டு போல ஆகிவிடும். டூட்டி ஃப்ரூட்டியைத் தயவுசெய்து நினைத்துக்கூடப் பார்க்காதீர்கள். காய்ந்த கிரான்பெர்ரி பெரும்பாலும் சர்க்கரை ஏற்றித்தான் வருகிறது, அதற்குத் திராட்சையே மேல். பேரீச்சை நல்லதுதான். ஆனால் சூட்டில் இளகி மணிகளை இழுத்து ஒட்டிக்கொள்ளும், அதனால் கெட்டியான வகையாகப் பார்த்து, ஆறினபிறகு சேருங்கள். ஆப்ரிகாட் வாங்கும்போது பளிச்சென்ற ஆரஞ்சு நிறத்தில் இருந்தால் கந்தகப் புகையில் பதப்படுத்தியது. பழுப்பாக, பார்க்க அழகில்லாமல் இருப்பது கந்தகம் படாதது, சுவையும் ஆழமாக இருக்கும். துருக்கியின் மலாத்யாவிலிருந்து இரண்டு வகையும் வருகின்றன. வீட்டில் ஆஸ்துமாக்காரர்கள் இருந்தால் பழுப்பு வகையையே வாங்குங்கள், சிலருக்கு அந்தக் கந்தகச் சேர்மம் ஒத்துக்கொள்ளாது.

எண்ணெய்க்குப் பதில் நெய் விடலாமா என்று யாராவது கேட்பீர்கள். சுடச்சுடப் பரிமாறினால் தாராளமாக. ஆறவைத்துக் கொடுப்பதானால் வேண்டாம், நெய் உறைந்து நாக்கில் ஒட்டும். கடையில் ஜவ்வரிசி பருமனில் முத்து கூஸ்கூஸ் என்று ஒன்று கிடைக்கும், அதற்கு இந்த முறை சரிப்படாது. பாஸ்தா போலக் கொதிக்கிற தண்ணீரில் வேகவைத்து வடிக்க வேண்டும்.

கூஸ்கூஸைச் சிறுதானியம் என்று நினைத்துச் சர்க்கரைக்காரர்களுக்குத் தட்டு நிறைய வைக்கிறவர்களைப் பார்த்திருக்கிறேன். இது கோதுமை ரவை, அவ்வளவுதான். திராட்சையும் சேரும்போது அளவு பார்க்கத்தான் வேண்டும். கோதுமையில் இருக்கும் க்ளூட்டன் என்ற புரதம் ஆகாதவர்களுக்குக் கூடவே கூடாது.

தொட்டுக்கொள்ள என்ன என்று கேட்டால், சுட்ட கோழி, ஆட்டுக்கறி, எண்ணெயும் சீரகமும் புரட்டி ஓவனில் வாட்டிய கேரட், வேகவைத்த கொண்டைக்கடலை எல்லாம் சேரும். காரமான வறுத்த மீனும் நன்றாகப் பொருந்தும். மக்ரெப் மிளகாய் விழுதான ஹரிஸ்ஸா கிடைத்தால் ஓரத்தில் ஒரு ஸ்பூன் வையுங்கள், பழத்தின் இனிப்புக்கு அது ஈடு கொடுக்கும்.

கடைசிக் கேள்வி, முந்தின நாளே செய்யலாமா. செய்யலாம், ஆனால் முழுசாக அல்ல. கூஸ்கூஸையும் பழத்தையும் எலுமிச்சையையும் மட்டும் முடித்து, அகலத் தட்டில் பரப்பி ஆறவிட்டு, இரண்டு மணி நேரத்துக்குள் மூடி ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். வெந்த சோற்றை வெளியே விட்டால் வருகிற அதே கிருமித் தொல்லை இதற்கும் உண்டு. இலையும் பாதாமும் மறுநாள் பரிமாறும் முன்னால்தான். குளிரில் மணிகள் இறுகியிருக்கும், அரை மணி நேரம் முன்னதாக வெளியே எடுத்து விரலால் உதிர்த்துக்கொள்ளுங்கள். ராத்திரி முழுக்க ஊறினதில் உப்பும் புளிப்பும் மழுங்கிப் போயிருக்கும். ருசி பார்த்து, மிச்சம் வைத்த பாதி எலுமிச்சையையும் பிழிந்து, தேவைப்பட்டால் உப்பும் போட்டுக்கொள்ளுங்கள்.