குவின் மடத்து மூலைகளில் கோட்டைக் கோபுரம் ஏன்?

வணக்கம் நண்பரே. அயர்லாந்தின் கிளேர் பகுதியில் உள்ள குவின் மடத்தில், மூலைகளில் தடித்த வட்டக் கோபுர அடிகளைப் பார்த்து "இது மடமா, கோட்டையா?" என்று கேட்டிருந்தீர்கள். இரண்டும்தான். 1280 வாக்கில் தாமஸ் டி கிளேர் என்ற ஆங்கிலோ-நார்மன் (இங்கிலாந்தைக் கைப்பற்றிய நார்மன்களின் வழிவந்த) பிரபு அங்கே கோட்டை கட்டினார். சில ஆண்டுகளிலேயே ஐரிஷ்காரர்கள் அதைத் தாக்கி அழித்தார்கள். 15ஆம் நூற்றாண்டில் மக்னமாரா குடும்பத்தார் அந்த இடிபாட்டின் மேலேயே பிரான்சிஸ்கன் என்ற கிறிஸ்தவச் சபைத் துறவிகளுக்கு மடம் எழுப்பினார்கள். பழைய மதில் வலுவாக இருக்க, அதை ஏன் வீணாக்க வேண்டும்?

அடுத்த முறை போனால் நடுமுற்றத்தைச் சுற்றியுள்ள தூண் வரிசையில் நிதானமாக நில்லுங்கள். எனக்கு மடத்திலேயே மிகவும் பிடித்த இடம் அது. 1541இல் மடம் அதிகாரபூர்வமாக மூடப்பட்டும் துறவிகள் அந்த ஊரை விடவில்லை. கடைசித் துறவி ஜான் ஹோகன் 1820இல் இறந்து அங்கேயே அடக்கமானார்.